அனர்த்தமும் கலையும் ஊடகமும்: திருகோணமலையில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் திருகோணமலையில் உயர்தர மாணவர்களுக்கு நாடகமும் அரங்கியலும் படிப்பிக்கிறேன். மாரி தொடங்கினால் எங்கள் பக்கத்தில் வெள்ளம், புயல் எச்சரிக்கை, சுனாமி நினைவு நாள் எல்லாம் அடுத்தடுத்து வரும். பாடசாலைகளிலும் சங்கங்களிலும் நாடகம், பாட்டு, கவியரங்கு, குறும்படம் என்று ஏதாவது தயாராகும். கூடவே ஒரே மாதிரியான சந்தேகங்களும் வரும். மாணவர்கள், பெற்றோர், குறும்படம் எடுக்கிற இளைஞர்கள் என்று பலரும் கேட்டதைக் கேட்டபடியே எழுதி, எனக்குத் தெரிந்த பதிலைக் கீழே தந்திருக்கிறேன்.

"சனம் சாப்பாட்டுக்கும் தண்ணிக்கும் அலையிற நேரத்தில பாட்டும் நாடகமும் எதுக்கு ரீச்சர்?"

அந்த நேரத்தில் தேவையில்லை. முதல் நாட்களில் தேவைப்படுவது சோறு, தண்ணீர், மருந்து, காணாமல் போனவர்களைப் பற்றிய தகவல். அப்போது வானொலியும் தொலைபேசியும்தான் பெரிய துணை.

கலையின் வேலை அதற்குப் பிறகு தொடங்குகிறது, அது நீண்ட வேலை. நடந்ததை ஊர் எப்படி நினைவில் வைத்திருக்கிறது என்பதைப் பொறுத்துத்தான் அடுத்த முறை எத்தனை பேர் தப்புவார்கள் என்பது இருக்கிறது. ஒரு பேச்சுக்காக இதைச் சொல்லவில்லை. கீழே சிமுலுவே தீவைப் பற்றிய பதிலில் கணக்கோடு சொல்லியிருக்கிறேன்.

"எங்கட பழைய இலக்கியத்தில இதெல்லாம் இருக்கா?"

தாராளமாக இருக்கிறது. பஃறுளி ஆற்றையும் குமரி மலைத்தொடரையும் கடல் கொண்டதைச் சிலப்பதிகாரம் சொல்கிறது. காவிரிப்பூம்பட்டினத்தைக் கடல் கொண்ட கதையை மணிமேகலை சொல்கிறது. இந்திர விழாவைக் கைவிட்டதால் வந்த கேடு என்பது அந்தக் காப்பியம் தரும் விளக்கம். சிங்களவர்களிடமும் இதே வகைக் கதை உண்டு: களனி திஸ்ஸ மன்னன் ஒரு பிக்குவுக்குச் செய்த கொடுமையால் கடல் பொங்கியது, அதைத் தணிக்க மகள் விகாரமகாதேவியைக் கடலில் அனுப்பினார்கள் என்று.

இவற்றை வரலாற்று ஆவணமாக எடுத்து வருடம் கணக்கிட முடியாது. ஆனால் கடல் ஊருக்குள் வரக்கூடியது என்ற அறிவு இந்தக் கரைகளில் இருந்திருக்கிறது. 2004க்கு முன் அது எங்களிடம் புத்தகத்தில் மட்டும் இருந்தது. பரீட்சைக்குப் படித்தோம், கடற்கரையில் நிற்கும்போது நினைக்கவில்லை.

"கூத்து, சடங்கு, நாட்டார் பாட்டில அனர்த்தம் பற்றி ஏதும் இருக்கா? செய்முறைக்கு எழுத வேணும்."

கண்ணகி வழிபாட்டிலிருந்து தொடங்குங்கள். மதுரை எரிந்தபின் பாண்டிய நாட்டில் மழை இல்லாமல் போய் வெப்பு நோய் பரவியதையும், பத்தினிக்கு விழா எடுத்தபின் மழை பெய்ததையும் சிலப்பதிகாரத்தின் உரைபெறு கட்டுரை சொல்கிறது. இலங்கைக் கயவாகு மன்னனும் அங்கே குறிப்பிடப்படுகிறான். கிழக்கில் வைகாசியில் நடக்கும் கண்ணகி அம்மன் சடங்கும் குளிர்த்திப் பாடலும் இந்த நம்பிக்கையின் தொடர்ச்சிதான். வறட்சியும் அம்மை போன்ற நோயும் வரும் காலத்தில் அம்மனைக் குளிர வைக்கப் பாடுவது எங்கள் ஊர்களின் பழைய பேரிடர்க் கலை.

கொம்புமுறி விளையாட்டையும் சேர்த்துக்கொள்ளுங்கள். வடசேரி, தென்சேரி என்று ஊர் இரண்டாகப் பிரிந்து, வளைந்த கொம்புகளைக் கோத்துக் கயிறு கட்டி இழுப்பது. மழை பொய்த்தாலும் கொள்ளை நோய் வந்தாலும் இதை நடத்துவது வழக்கம். சிங்கள மக்கள் பத்தினி தெய்வத்துக்கு ஆடும் அங்கெலியவும் இதே வகை. முஸ்லிம் ஊர்களில் பெண்கள் பாடும் நாட்டார் கவியையும் விட்டுவிடாதீர்கள். கிண்ணியா, மூதூர்ப் பக்கம் உங்கள் நண்பர்களின் உம்மம்மாமாரிடம் கேட்டுப் பாருங்கள்.

"64 புயல், 78 புயல் எண்டு வருசத்தைத்தான் சொல்றம். புரவி, டித்வா எண்டு இப்ப மட்டும் ஏன் பேர்?"

வங்காள விரிகுடாவிலும் அரபிக் கடலிலும் புயல்களுக்குப் பெயர் வைக்கும் வழக்கம் 2004இல்தான் தொடங்கியது. இப்போது இந்தக் கடல்களைச் சுற்றியுள்ள 13 நாடுகள் தந்த பெயர்களிலிருந்து வரிசையாக எடுக்கிறார்கள். 2020 டிசம்பர் 2ஆம் திகதி இரவு திரியாய், குச்சவெளிக்கு அருகில் கரையேறிய புரவியின் பெயர் மாலைதீவு கொடுத்தது. 2025 நவம்பரில் நாடு முழுவதும் 600க்கும் மேற்பட்டோரைப் பலி கொண்ட டித்வாவின் பெயர் யேமன் கொடுத்தது.

பெயர் இருப்பது செய்தி சொல்ல வசதி. ஆனால் பெயரில்லாத புயல்களை எங்கள் ஆட்கள் மறக்கவில்லை. 1964 டிசம்பர் 22இல் திருகோணமலைப் பக்கம் கரையேறி வடக்கை ஊடறுத்துப் போய்த் தனுஷ்கோடியை அழித்த புயலை வயதானவர்கள் இன்னமும் வீட்டுக் கதையாகச் சொல்வார்கள். தமிழ்நாட்டில் அது பாம்பன் ரயிலின் கதையாகத் தெரியும். அதே புயல் முதலில் எங்களை அடித்தது என்பது அங்கே பலருக்குத் தெரியாது. 1978 நவம்பர் 23இல் மட்டக்களப்பை அடித்த புயலும் அப்படித்தான், எங்கள் பக்கத்தில் பிள்ளை பிறந்த கணக்கையே 'புயலுக்கு முதல், புயலுக்குப் பிறகு' என்று சொல்லும் ஆட்கள் இருக்கிறார்கள்.

"சுனாமி படத்தில காட்டுற மாதிரி மலை போல சுருண்டா வந்தது?"

இல்லை. படங்களில் வரும் அந்த நுனி சுருண்ட நீர்ச்சுவர் பெரும்பாலும் ஓவியத்திலிருந்து வந்த பழக்கம். ஜப்பானிய ஓவியர் ஹொகுசாய் 1831 அளவில் வரைந்த பெரிய அலையை இன்று சுனாமிக் கட்டுரைகளுக்கெல்லாம் போடுகிறார்கள். அது சுனாமியை வரைந்த படமே அல்ல, நடுக்கடலில் எழும்பும் ஒரு புயல் அலை. சுனாமி ஆழ்கடலில் மணிக்கு 700, 800 கிலோமீற்றர் வேகத்தில் போனாலும் அங்கே அதன் உயரம் ஒரு மீற்றருக்கும் குறைவாக இருக்கலாம். கரைக்கு வரும்போது வேகம் குறைந்து உயரம் கூடும். பல இடங்களில் கடலே எழும்பி நடந்து வருவது போல, நிற்காமல் உள்ளே வந்துகொண்டே இருக்கும் தண்ணீராகத்தான் வந்தது. கண்டவர்கள் 'கறுப்புத் தண்ணி' என்று சொல்வது அதில் கலந்த சேற்றால்.

இதைவிட ஆபத்தான பிழை ஒன்று இருக்கிறது. படங்களிலும் பாடங்களிலும் எப்போதும் கடல் முதலில் உள்வாங்கும், மீன் துடிக்கும், பிறகு அலை வரும். 2004இல் தாய்லாந்துக் கரையில் அப்படித்தான் நடந்தது. ஆனால் நடுக்கம் வந்த கடலடிப் பிளவுக்கு மேற்கே இருந்த எங்கள் கரைக்கு முதலில் தண்ணீர்தான் வந்தது. அதன் பிறகுதான் கடல் வெகுதூரம் பின்வாங்கியது. முதல் அலை வடிந்ததும் ஆபத்து முடிந்தது என்று நினைத்து, பார்க்கவும் பொருட்களை எடுக்கவும் கரைக்குப் போனவர்களை அடுத்த பெரிய அலை கொண்டு போனது.

ஆகவே நாடகம் எழுதுகிற பிள்ளைகளிடம் நான் கண்டிப்பாகச் சொல்வது: 'கடல் உள்வாங்கினால் ஓடு' என்று மட்டும் எழுதாதீர்கள். கடல் வழக்கத்துக்கு மாறாக ஏறினாலும் இறங்கினாலும் ஓடு, முதல் அலை போனபின் திரும்பி வராதே என்று எழுதுங்கள். நிலம் ஆடினால்தான் சுனாமி என்றும் எழுத வேண்டாம். நடுக்கம் சுமாத்ரா பக்கம், எங்களில் பெரும்பாலானோர் எதையும் உணரவில்லை.

"தசாவதாரம் படத்தில சுனாமி வந்து உலகத்தைக் காப்பாத்துது. அதைப் பாத்தா எனக்கு ஒரு மாதிரி இருக்கு. நான் பிழையா விளங்கிக்கொண்டேனா?"

பிழையாக விளங்கவில்லை. 2008இல் வந்த அந்தப் படத்தில் கொடிய கிருமி ஒன்று வெளியேறுகிறது, கடல்நீரின் உப்பு அதை அழிக்கிறது. பெரிய அழிவைத் தடுக்கவா இந்த அழிவு வந்தது என்ற கேள்வியைப் படம் பார்வையாளர் முன் வைக்கிறது. கதையின் சூத்திரத்துக்குள் அது பொருந்துகிறது. ஆனால் பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தாய்க்கு, சுனாமி நடந்து நான்கு வருடம்கூட ஆகாத நேரத்தில், அவருடைய இழப்பு இன்னொரு கதையின் தீர்வாக மாறுவது வலிக்கும்.

அந்தப் படத்தை வெறுக்கச் சொல்லவில்லை, தொழில்நுட்பத்துக்காகவும் நடிப்புக்காகவும் பலருக்குப் பிடித்த படம். ஆனால் நீங்கள் எழுதும்போது ஒன்றைப் பாருங்கள்: உங்கள் கதையில் அனர்த்தம் என்ன வேலை செய்கிறது? காதலர்களைப் பிரிக்கவோ, வில்லனைத் தண்டிக்கவோ, கதையை முடிக்கவோ மட்டும் அலை வருகிறதென்றால் அந்தக் காட்சியை எடுத்துவிடுங்கள்.

"மார்கழி 26 வந்தா டீவியில காலி நகரத்து பஸ் ஸ்டாண்டும் பெரலிய ரயிலும்தான். கிண்ணியாவையும் மூதூரையும் ஏன் காட்டுறதில்ல?"

இந்தப் பக்கத்தில் அதிகம் பேர் கேட்டது இந்தக் கேள்வியைத்தான், கோபத்தோடு கேட்டார்கள். கோபம் நியாயமானது. நாட்டிலேயே ஆகக் கூடுதலான உயிரிழப்பு அம்பாறை மாவட்டத்தில். திருகோணமலை மாவட்டத்தில் இறந்தவர்கள் ஆயிரம் பேர் அளவில். கிண்ணியா வைத்தியசாலை அழிந்தது. நிலாவெளி, குச்சவெளி, புல்மோட்டை, மூதூர், ஈச்சிலம்பற்று எல்லாம் அடிபட்டன. ஆனால் கமெரா எங்கே நின்றதோ அங்கேதான் படம் இருக்கும். தெற்கில் சுற்றுலாப் பயணிகளின் கையில் வீடியோ கமெரா இருந்தது, கொழும்பிலிருந்து வீதி இருந்தது. எங்கள் பக்கம் போர்நிறுத்தக் காலம், சோதனைச் சாவடிகள். கிண்ணியாவுக்கும் மூதூருக்கும் போகப் 'பாதை' என்று நாங்கள் சொல்லும் மிதவையில் ஏறி ஆறு கடக்க வேண்டும். கிண்ணியாப் பாலம் 2009இல்தான் திறக்கப்பட்டது.

பெரலியவில் கடல்தேவி ரயிலோடு ஆயிரத்துக்கும் அதிகமானோர் ஒரே இடத்தில் இறந்தது உலகின் மிகப் பெரிய ரயில் அழிவுகளில் ஒன்று. அதைக் காட்டுவதில் பிழையில்லை, அந்தச் சனத்தின் துக்கமும் எங்கள் துக்கம்தான். என் ஆதங்கம் வேறு. ஒவ்வொரு வருடமும் நாடு முழுவதும் காலை 9.25 முதல் 9.27 வரை மௌனம் காக்கிறோம். கிழக்கை அலை அடித்தது அதற்கு முன்பே. கல்முனையிலும் எங்கள் கரையிலும் அந்த நேரம் சனம் ஏற்கெனவே பிள்ளைகளைத் தேடிக்கொண்டிருந்தது. நினைவு நாளின் மணிக்கூடுகூடத் தெற்கின் படத்தை வைத்து அமைந்திருக்கிறது.

இதற்கு முறைப்பாடு செய்வதைவிட எங்கள் பக்கத்துச் சாட்சியங்களைச் சேர்ப்பது பயன் தரும். அதை எப்படிச் செய்வதென்று கடைசிக் கேள்வியில் எழுதியிருக்கிறேன்.

"செய்தி சொல்றவங்க அண்டைக்கு எங்களுக்கு முன்கூட்டியே சொல்லியிருக்கலாம்தானே?"

நில நடுக்கம் வந்தது எங்கள் நேரம் காலை ஏழு மணிக்குச் சற்று முன். எங்கள் கரைக்கு அலை வர ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் எடுத்தது. ஹவாயில் இருந்த பசுபிக் எச்சரிக்கை நிலையம் நடுக்கத்தைக் கண்டது, ஆனால் முதலில் அதன் வலிமையைக் குறைத்துக் கணித்தது. இந்து சமுத்திரத்துக்கு அப்போது எச்சரிக்கை ஒழுங்கு இருக்கவில்லை. அன்று ஞாயிறு, போயா (பௌர்ணமி விடுமுறை), நத்தாருக்கு அடுத்த நாள். வானொலி நிலையங்களுக்கு யாரும் எதையும் அனுப்பவில்லை.

அதன் பின் 2005இல் அனர்த்த முகாமைத்துவச் சட்டம் வந்தது, நிலையம் வந்தது, 117 என்ற அவசர அழைப்பு இலக்கம் வந்தது. 2012 ஏப்ரல் 11இல் சுமாத்ராப் பக்கம் 8.6 அளவில் நடுக்கம் வந்தபோது எச்சரிக்கை கிடைத்து எல்லோரும் ஓடினோம், பெரிய அலை வரவில்லை. அன்றிலிருந்து 'சும்மா பயப்படுத்தினாங்கள்' என்று பேசுபவர்கள் உண்டு. தயவுசெய்து அப்படிப் பேச வேண்டாம். வராத அலைக்கு ஓடியதில் இழந்தது ஒரு பின்னேரம்.

"வட்ஸ்அப்பில வாற வெள்ளப் படம் உண்மையா பொய்யா எண்டு எப்படிக் கண்டுபிடிக்கிறது?"

இது புதிய நோய் அல்ல. 2004இல் மின்னஞ்சலில் சுற்றிய 'சுனாமி அலை' படங்களில் சில சீனாவின் சியான்டாங் ஆற்றில் வருடாவருடம் ஏறும் வெள்ளப்பெருக்கு அலையின் படங்கள், அதுவும் 2002இல் எடுத்தவை. இப்போது செயற்கை நுண்ணறிவில் செய்த படங்களும் வீடியோக்களும் சேர்ந்திருக்கின்றன. டித்வா நேரத்திலும் அவை சுற்றின.

கூகுள் லென்ஸில் போட்டால் பழைய படம் என்றால் பெரும்பாலும் தெரிந்துவிடும். கடைப் பலகை, பஸ் இலக்கத் தகடு, வீதிப் பெயர் எந்த மொழியில் இருக்கிறது என்று பாருங்கள். செயற்கைப் படத்தில் எழுத்துகள் அடிக்கடி குழம்பியிருக்கும். எதுவும் பிடிபடவில்லை என்றால் அந்த ஊரில் தெரிந்த ஒருவருக்கு அழைப்பெடுங்கள். அதுவரை பகிர வேண்டாம். குளம் உடைந்தது, அணை உடைந்தது என்ற செய்தியில் இரட்டைக் கவனம் வேண்டும், ஏனென்றால் அது பொய்யானால் சனம் வீணாக ஓடும், உண்மையானால் ஒரு நிமிடமும் தாமதிக்கக் கூடாது. டித்வாவில் மாவிலாறு அணைக்கட்டு உண்மையாகவே உடைந்து மூதூர், சேருநுவரப் பக்கம் சனம் இடம்பெயர்ந்தது. பொய்ச் செய்திகளுக்குப் பழகிப்போனவர்கள் அப்படியான ஒன்றையும் நம்பாமல் இருந்துவிடுவார்கள், எனக்குள்ள பெரிய பயம் அதுதான்.

"செத்த ஆக்கள்ட படம் போட்டாத்தானே உலகம் திரும்பிப் பாக்கும்?"

2004இல் பத்திரிகைகள் போட்டன. உதவி வந்ததற்கு அந்தப் படங்களும் ஒரு காரணம். ஆனால் அந்தப் படத்தில் இருந்தவரின் தம்பி இன்று பெரியவராகி, நினைவு நாள் வரும்போதெல்லாம் முகநூலில் அக்காவை அந்தக் கோலத்தில் பார்க்க வேண்டியிருக்கிறது. முகம் தெரியும் உடலைப் போடாமலே பேரழிவைச் சொல்ல முடியும். ஒதுங்கிய பாடசாலைச் சப்பாத்து, கூரையில் ஏறிய வள்ளம், பெயர்ப்பட்டியலில் விரல் வைத்துத் தேடும் கை, இவையெல்லாம் போதும்.

குழந்தைகள் விடயத்தில் இன்னும் கவனம் வேண்டும். கல்முனையில் தப்பிய ஒரு கைக்குழந்தைக்கு ஒன்பது பெற்றோர் உரிமை கோருகிறார்கள் என்று உலகப் பத்திரிகைகள் எழுதின. முறைப்படி உரிமை கோரியது ஒரேயொரு குடும்பம் என்று பிறகு தெரிந்தது. கதை சுவையாக இருந்ததால் யாரும் சரிபார்க்கவில்லை. அந்தப் பிள்ளைதான் ஊடகம் ஒட்டிய அடையாளத்தோடு வளர வேண்டியிருந்தது.

"அந்த வீடியோக்களைப் பாத்து மகள் இரவில பயந்து எழும்புறா. பாக்க விடாம வைக்கிறதா?"

சின்னப் பிள்ளைக்கு மறுஒளிபரப்பு என்று தெரியாது. பத்துத் தரம் போட்டால் பத்துத் தரம் நடக்கிறது என்றே நினைக்கும். ஆகவே நினைவு வாரத்தில் தொலைக்காட்சியை அப்படியே ஓட விடாதீர்கள். மறைக்கவும் வேண்டாம், கேட்டால் சொல்லுங்கள், கூடவே எந்தப் பக்கம் ஓடுவது, எங்கே சந்திப்பது என்று காட்டுங்கள். என்ன செய்வதென்று தெரிந்த பிள்ளைக்குப் பயம் கொஞ்சம் குறையும். வாரக்கணக்கில் நித்திரை இல்லாமல் இருந்தால் வைத்தியரிடம் காட்டுங்கள்.

"கோணேசர் காப்பாத்தினபடியால்தான் கோயிலுக்கு ஒண்டும் ஆகேல்ல எண்டு படம் போடுறாங்க. சிலர் பாவத்துக்குத் தண்டனை எண்டுறாங்க. இதை நாடகத்தில சேர்க்கலாமா?"

இரண்டையும் பிரித்துப் பாருங்கள். 'சாமி காப்பாத்தினது' என்பது தப்பியவரின் நன்றி. அதில் யாரும் கைவைக்கத் தேவையில்லை. கோணேசர் கோயில் கடலுக்கு மேலே உயரமான சுவாமிமலைப் பாறையில் இருக்கிறது என்பதையும் அதே மரியாதையோடு சொல்லுங்கள். உயரமான இடம் உயிர் காக்கும் என்ற பாடம் பக்தனுக்கும் உதவும்.

தண்டனைக் கதை அப்படியல்ல. அது இறந்தவர்களைக் குற்றவாளிகளாக்குகிறது. மேலே சொன்ன மணிமேகலையிலும் களனிக் கதையிலும் அந்த விளக்கம் இருக்கிறது, அந்தக் காலத்து அறிவு அது. இன்று கண்டத்தட்டுகள் எப்படி நகருகின்றன என்று தெரிந்த பிறகு, கிண்ணியாவில் பாயில் படுத்திருந்த குழந்தைக்கு என்ன பாவம் என்று கேட்க வேண்டியிருக்கிறது. என் மாணவர்களின் பிரதியில் அந்த வசனம் வந்தால் நான் வெட்டிவிடுவேன்.

"வெளிநாட்டுக்காரர் எங்கட கதையை எடுத்தா பிழையா?"

பிழையில்லை, ஆனால் யார் நடுவில் நிற்கிறார் என்று பாருங்கள். 2012இல் வந்த 'தி இம்பாசிபிள்' தாய்லாந்தில் சுனாமியில் தப்பிய ஒரு ஸ்பானியக் குடும்பத்தின் உண்மைக் கதை. திரையில் அவர்கள் பிரித்தானியர் ஆனார்கள். தண்ணீருக்குள் அகப்பட்ட அனுபவத்தை அவ்வளவு நெருக்கமாகக் காட்டிய படம் குறைவு. ஆனால் அந்தக் கரையின் சொந்தச் சனம் உதவி செய்பவர்களாக மட்டும் வந்து போகிறார்கள்.

உள்ளூர்க்காரர் எடுத்தாலும் இதே கேள்வி வரும். கேரள வெள்ளத்தை வைத்து 2023இல் வந்த மலையாளப் படம் மீனவர்கள் வள்ளத்தோடு வந்து ஆட்களை மீட்டதைக் கொண்டாடியது. அரசின் பங்கைக் குறைத்துக் காட்டியது என்ற விமர்சனமும் வந்தது. எனக்கு அந்த மீனவர்கள் நடுவில் வந்தது பிடித்தது. எங்கள் வாடிகளிலும் அப்படி எத்தனையோ கதை இருக்கிறது, எடுக்க ஆள் வேண்டும்.

"உண்மையாவே ஒரு பாட்டால உயிர் தப்புமா?"

தப்பும். சுமாத்ராவுக்குப் பக்கத்தில் சிமுலுவே என்ற தீவு இருக்கிறது, 2004 நடுக்கத்தின் மையத்துக்கு மிக அருகில். நடுக்கம் நின்று பத்து நிமிடமளவில் அலை வந்துவிட்டது. சைரன் இல்லை, வானொலி எச்சரிக்கை இல்லை. தீவில் ஏறத்தாழ 78,000 பேர். இறந்தவர்கள் 7 பேர். காரணம், 1907இல் அங்கே ஒரு சுனாமி வந்து பெருந்தொகையானோர் இறந்தார்கள். தப்பியவர்கள் அதைக் கதையாக்கி, தாலாட்டாக்கி, பாட்டாக்கி வைத்தார்கள். நிலம் பலமாக ஆடினால், பிறகு கடல் வற்றினால், ஒன்றையும் எடுக்காமல் மலைக்கு ஓடு என்பதுதான் அதன் சாரம். பேரப்பிள்ளைகள் வரை அது வந்து சேர்ந்தது. அன்று காலை யாரோ குரல் கொடுத்தார்கள், ஊர் ஓடியது.

ஜப்பானில் இன்னொரு வழி. 1854இல் சுனாமி வரும்போது ஒருவர் நெற்போர்களுக்குத் தீ வைத்து, இருட்டில் ஊர்ச்சனத்துக்கு மேட்டுக்கு வழி காட்டினார். அது பாடப்புத்தகக் கதையானது. ஐக்கிய நாடுகள் சபை நவம்பர் 5ஐ உலக சுனாமி விழிப்புணர்வு நாளாக்கியது அந்த நிகழ்வை வைத்துத்தான்.

எங்கள் பக்கம் சுனாமிக்கு எழுதிய பாட்டுகளை எடுத்துப் பாருங்கள். 'கடல் தாயே ஏன் கொன்றாய்' என்ற அழுகைதான் பெரும்பாலும். அழ வேண்டும், அழாமல் முடியாது. ஆனால் எந்தப் பக்கம் ஓடுவது என்று ஒரு வரியாவது இருக்கிற பாட்டு எத்தனை? மீனவர் வலை இழுக்கும்போது பாடும் அம்பா பாட்டின் மெட்டு எங்களிடம் இருக்கிறது, தாலாட்டு இருக்கிறது, கவி இருக்கிறது. உப்புவெளிப் பிள்ளைக்கு ஒரு பாட்டு, மூதூர்ப் பிள்ளைக்கு இன்னொரு பாட்டு என்று, அந்தந்த ஊரின் மேட்டு நிலத்தின் பெயரோடு எழுத வேண்டும். என் வகுப்பில் நான் மிகவும் விரும்பிச் செய்விக்கும் பயிற்சி இது.

"நிவாரணத்துக்குக் காசு சேர்க்க இசை நிகழ்ச்சி வைக்கப் போறம். என்ன கவனிக்க வேணும்?"

கணக்கு. 1970 நவம்பரில் இதே வங்காள விரிகுடாவில் எழுந்த போலா புயலில் குறைந்தது மூன்று இலட்சம் பேர் இறந்தார்கள். அதன் பின் போரும் சேர, 1971 ஓகஸ்ட் 1இல் ஜோர்ஜ் ஹரிசனும் ரவி சங்கரும் நியூயோர்க்கில் வங்காளதேசத்துக்காக இசை நிகழ்ச்சி நடத்தினார்கள். மனம் சுத்தமானது, ஆனால் வரிவிலக்குக்கான ஒழுங்கை முன்கூட்டிச் செய்யாததால் இசைத்தட்டில் வந்த பணத்தில் பெரும்பகுதி வருடக்கணக்கில் முடங்கிக் கிடந்தது.

ஆகவே மேடை கட்டும் முன் பணம் எந்தக் கணக்கில் சேரும், யார் கையெழுத்து, எப்போது, எதற்குக் கொடுக்கப்படும் என்று எழுதி வையுங்கள். முடிந்த வாரமே வரவு செலவைப் பகிரங்கமாக ஒட்டுங்கள். நிவாரணம் வாங்கும் குடும்பங்களை மேடையில் ஏற்றிப் படம் எடுக்காதீர்கள். காரணம் மேலே, படம் போடுவது பற்றிய பதிலில் இருக்கிறது.

"இயற்கை அனர்த்தம் எண்டா அரசியல் பேசக் கூடாது எண்டு அதிபர் சொல்றார். அப்ப எதைத்தான் எழுதுறது?"

பாடசாலை மேடையில் கட்சி பேசக் கூடாது என்பதில் அதிபர் சரி. ஆனால் அலை இயற்கை, அதன் பிறகு நடப்பதில் பெரும்பகுதி மனிதர் முடிவு. 2005இல் கடற்கரையிலிருந்து வீடு கட்டத் தடை செய்த தூரம் தெற்கிலும் மேற்கிலும் 100 மீற்றர், வடக்கிலும் கிழக்கிலும் 200 மீற்றர். கரைவலைக்காரர் கரையை விட்டுப் போக வேண்டியிருந்தது, விடுதிகளுக்குச் சலுகை கிடைத்தது. பிறகுதான் அந்தத் தூரங்களைத் தளர்த்தினார்கள். நிவாரணத்தைப் பகிர 2005 ஜூனில் அரசும் புலிகளும் கையெழுத்திட்ட பொதுக் கட்டமைப்பின் முக்கிய பிரிவுகளை உயர் நீதிமன்றம் அடுத்த மாதம் இடைநிறுத்தியது, அது நடைமுறைக்கே வரவில்லை. டித்வாவில் மண்சரிவு மலையகத்தில் கண்டி, பதுளை, நுவரெலியா என்று அடித்தபோது, யார் எந்தச் சரிவில் எந்த லயத்தில் (தோட்டத் தொழிலாளரின் வரிசை வீட்டில்) குடியிருக்கிறார்கள் என்பதையும் மழை தீர்மானிக்கவில்லை.

இவற்றை ஒரு குடும்பத்தின் கதையாக எழுதலாம். கரையை விட்டு உள்ளே தள்ளிக் கிடைத்த வீட்டிலிருந்து தினமும் இயந்திரத்தைத் தோளில் தூக்கிக்கொண்டு கடலுக்கு நடக்கும் ஒரு அப்பாவைக் காட்டினால் போதும், பார்ப்பவர் மீதியை யோசிப்பார். அதிபரும் மறுக்கமாட்டார்.

"சுனாமி நாடகம் போட்டா, பறிகொடுத்த ஆக்கள் முன்வரிசையில இருப்பாங்க. அவங்களுக்கு நோகாதா?"

நோகும். அதனால் முன்கூட்டியே போய்ச் சொல்லுங்கள், ஒத்திகைக்குக் கூப்பிடுங்கள், வேண்டாம் என்று சொன்ன காட்சியை எடுத்துவிடுங்கள். அலைச் சத்தத்தை ஒலிபெருக்கியில் போடாதீர்கள். நீலத் துணி போதும், பல நேரம் அதுவும் தேவையில்லை. உண்மைப் பெயர்களை அனுமதியின்றி வைக்க வேண்டாம். சாவைக் காட்டும் காட்சியைவிடத் தேடும் காட்சிக்கு நேரம் கொடுங்கள்.

அப்புறம், நாடகம் முடிந்து கைதட்டலோடு ஓடிவிடாதீர்கள். அரை மணித்தியாலமாவது அங்கேயே இருங்கள். சிலர் வந்து தங்கள் கதையைச் சொல்வார்கள். அவர்கள் வந்ததே அதற்காகத்தான் இருக்கும்.

"அம்மம்மா 64 புயல் பற்றி ஒரு பாட்டுப் படிப்பா. ரெண்டு வரிதான் எனக்குத் தெரியும். அதை என்ன செய்யிறது?"

இந்தக் கிழமையே பதிவு செய்யுங்கள். தொலைபேசி போதும். மின்விசிறியை நிறுத்தி, தொலைபேசியை அவரிடமிருந்து ஒரு முழம் தள்ளி வையுங்கள். பதிவின் தொடக்கத்தில் திகதி, ஊர், பாடுபவரின் பெயர், அவர் இதை யாரிடம் கேட்டார் என்று சொல்லச் சொல்லுங்கள். பாட்டை இரண்டு தரம் படிக்கச் சொல்லுங்கள், இடையில் திருத்த வேண்டாம். பிறகு பேச விடுங்கள்: காற்று எந்தப் பக்கமிருந்து வந்தது, எங்கே ஒதுங்கினார்கள், எது முதலில் விழுந்தது, தண்ணீர் எந்த மரம் வரை வந்தது.

பதிவை வெளியிடலாமா என்று அவரிடமே கேட்டு, அந்தப் பதிலையும் பதிவில் வையுங்கள். ஒரு பிரதி வீட்டில், ஒரு பிரதி பாடசாலை நூலகத்தில் இருக்கட்டும். இணையத்தில் வைக்க நூலகம் நிறுவனத்தின் 'ஆவணகம்' தளம் இருக்கிறது, ஈழத்துத் தமிழ் ஒலிப்பதிவுகளையும் ஒளிப்படங்களையும் அங்கே சேர்க்கிறார்கள். கிண்ணியா, மூதூர், குச்சவெளி, வெருகல் என்று ஒவ்வொரு ஊரிலிருந்தும் இப்படிப் பத்துப் பதிவு வந்தாலே, மார்கழியில் தொலைக்காட்சிக்காரர் கேட்கும்போது எடுத்துக் கொடுக்க எங்களிடம் ஏதாவது இருக்கும். பதிவு செய்ய ஆள் துணை தேவையென்றால் வகுப்பு நாட்களில் வந்து கேளுங்கள், மாணவர்களோடு நானும் வருகிறேன்.